ஒன்பதாம் எண் வாசகர்

கடிதம் ஈஸ்டர் கழிந்த வாரம், செவ்வாய்க்கிழமை காலையில் வந்தது. பல்கலைக்கழகப் பதிப்பகத்தின் நீண்ட வெள்ளை உறை, மூலையில் நீல முத்திரை. ஷுக்ரி நக்காஷ் அதைச் சாப்பாட்டு மேசையில் வைத்துவிட்டு, ஜாதர் என்ற மூலிகைப் பொடி தடவிய ரொட்டியை நிதானமாகத் தின்று முடித்து, கை துடைத்து, கண்ணாடியை மாட்டிக்கொண்ட பிறகே பிரித்தார். நல்ல செய்தியைப் பரபரவென்று பிரிக்கக் கூடாது என்பது அவர் கொள்கை. அது நல்ல செய்திதான் என்பதில் அவருக்குச் சந்தேகம் இல்லை. உலகத்தில் அவருக்குச் சந்தேகம் இல்லாத விஷயம் அது ஒன்றுதான்.

பிரித்துப் படித்தார். மறுபடி முதலிலிருந்து படித்தார்.

"என்னவாம்?" என்று அடுப்படியிலிருந்து கேட்டாள் மனைவி லோரிஸ்.

"வேண்டாமாம்."

"எது?"

"புத்தகம். மூணாவது பத்தியில, நான் ஏடுகளைக் காதலிக்கிறேன்னு எழுதியிருக்கான். காதலிக்கிறவன் சாட்சி சொல்லத் தகுதி இல்லாதவனாம்."

லோரிஸ் கரண்டியோடு வெளியே வந்து புருஷனை மேலும் கீழும் பார்த்தாள். "நீங்களா? காதலா? முப்பத்தெட்டு வருஷமா ஒரே வீட்ல இருக்கேன், எனக்குத் தெரியாமப் போச்சே."

"உனக்கு எல்லாம் சிரிப்பு."

"சிரிக்கலீங்க. நிஜமாத்தான் சொல்றேன். இது உங்களப் பத்தி எழுதின மாதிரியே இல்ல."

பெண்டாட்டி பேச்சை அன்றைக்கே காதில் வாங்கியிருந்தால் இந்தக் கதை அந்த அடுப்படியோடு முடிந்திருக்கும். அவர் வாங்கவில்லை.

அந்தப் புத்தகம் இருபது வருஷத்து உழைப்பு. மலை மடங்களில் ஏடுகளைப் பார்த்துப் பார்த்துப் பிரதி எடுத்த துறவிகள், வேலை முடிந்ததும் கடைசிப் பக்கத்தில் நாலு வரி தங்களுக்காக எழுதிக்கொள்வார்கள். இன்ன ஆண்டு முடித்தேன், குளிரில் விரல் மரத்துப்போனது, வெட்டுக்கிளி வந்து வயலைத் தின்றது, மையைத் திருடிய சகோதரனை ஆண்டவர் மன்னிக்கட்டும், நான் மன்னிக்கமாட்டேன், இப்படி. அந்த வரிகளையெல்லாம் திரட்டித்தான் ஷுக்ரி நூல் எழுதியிருந்தார். போரில் பாதி மடங்கள் எரிந்துபோனதால் அந்த வரிகள் இனி அவர் நூலில் மட்டும்தான் இருக்கும்.

ஜூலையில் அவருக்கு ஓய்வு. பணியில் இருக்கும் பேராசிரியரின் நூலுக்குத்தான் பதிப்பகத்தில் முதல் வரிசை. ஓய்வு பெற்றவர்கள் வாலில் போய் நிற்க வேண்டும், அந்த வால் ஏழெட்டு வருஷம் நீளும். அவருக்கு வயது அறுபத்தைந்து, நெஞ்சில் ஒரு குழாய் அடைப்பு. இப்போது வராத புத்தகம் அவர் கண்ணுக்கு வரப்போவதில்லை. அது அவருக்கும் தெரியும், லோரிஸுக்கும் தெரியும், இருவரும் அதைப் பேசுவதில்லை.

கடிதத்தில் கையெழுத்து இல்லை, பெயர் இல்லை. அந்தப் பதிப்பகத்தின் முறை அப்படி. பெய்ரூட்டில் ட்ராம் வருவதற்கு முன்பே, கத்தோலிக்கப் பாதிரிமார்கள் கப்பலில் கொண்டுவந்த இரும்பு அச்சு இயந்திரத்தைத் துறைமுகத்திலிருந்து மாடு கட்டி அஷ்ரஃபியே மேட்டுக்கு இழுத்துவந்து தொடங்கிய இடம் அது. பஞ்சம் பார்த்தது. துருக்கியர்கள் அதன் ஈய எழுத்துகளை மூட்டை கட்டிக்கொண்டு போனதைப் பார்த்தது. பதினைந்து வருஷ உள்நாட்டுச் சண்டையில் கூரை இல்லாமல் இரண்டு குளிர்காலம் இருந்தது. இவ்வளவுக்கும் அசையாமல் நின்றது அங்கே ஒரே ஒரு விஷயம்தான். அது லாம்பேர் என்ற பிரெஞ்சுப் பாதிரியார், ஊர்வழக்கில் 'அபூனா' லாம்பேர், போட்டுவைத்த சட்டம்.

இந்த ஊரில் எல்லாரும் எல்லாருக்கும் உறவு, பெயர் தெரிந்தால் எவனும் எவன் புத்தகத்தைப் பற்றியும் உண்மை சொல்லமாட்டான் என்பது அந்தச் சாமியாரின் கணக்கு. அதனால் கைப்பிரதியில் எழுதியவர் பெயரை வெட்டிவிடுவார்கள். அதைப் படித்துக் கருத்துச் சொல்லும் வாசகருக்குப் பெயருக்குப் பதில் ஒரு எண். எந்த எண் யார் என்பது இரும்பு அலமாரிப் பேரேட்டில் மட்டும் இருக்கும். வாசகர் எழுதிய கருத்தையும் அப்படியே அனுப்பமாட்டார்கள். எழுதியவன் வாடை தெரியும் சொற்களை நீக்கி, வேறு தாளில் புதிதாகத் தட்டச்சு செய்து அனுப்புவார்கள். அதற்குப் பதிப்பகத்தில் 'கழுவுதல்' என்று பெயர். கடைசியில் அந்தக் கருத்தைப் பெயர் இல்லாமல், நூலின் பொருளை மட்டும் எழுதிய கோப்பில் போட்டுவைப்பார்கள். அபூனா லாம்பேருக்கு மனிதர்களை நன்றாகத் தெரியும், அதனால்தான் நம்பவில்லை.

ஷுக்ரிக்கு இந்த முறை அத்துப்படி. முப்பது வருஷமாக அவரும் அங்கே வாசகர். ஒன்பதாம் எண். ஊரில் எத்தனையோ பேர் வயிற்றெரிச்சலுக்கு ஆளான எண் அது.

அதனால் அவர் கடிதத்தை ஒரு துப்பறிபவனைப் போலப் படித்தார். 'நானூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தில்' என்று ஓரிடத்தில் இருந்தது. அவர் நூலுக்கு முந்நூற்று நாற்பது பக்கம்தான். 'அலெப்போ ஏட்டுத் தொகுப்பை ஆசிரியர் எட்டிக்கூடப் பார்க்கவில்லை' என்று இன்னோரிடத்தில். அலெப்போவுக்கு அவர் ஒரு அத்தியாயமே ஒதுக்கியிருந்தார். ஆக, இந்த ஆள் புத்தகத்தைப் படிக்கவே இல்லை! படிக்காமலே கொல்ல வேண்டும் என்று உட்கார்ந்திருக்கிறான். விரோதம் இல்லாமல் இது நடக்குமா?

ஏழாம் வரியில் அவர் விரல் நின்றது. 'மருந்துக்கடைத் தராசில் குன்றிமணி குன்றிமணியாக நிறுக்க வேண்டிய ஆதாரங்களை இவர் கைப்பிடியாக அள்ளிப் போட்டிருக்கிறார்.'

மருந்துக்கடை.

இந்த நாட்டில் அந்தக் கடைசிப் பக்கங்களைப் பற்றித் தெரிந்தவர்கள் மூன்று பேர். ஒருவர் அபூனா அஃப்ராம், எண்பத்தெட்டு வயது, மடத்து நோயாளிக் கூடத்தில் தன் பெயரையே மறந்து கிடக்கிறார். இன்னொருவர் ஷுக்ரி. மூன்றாவது ஆள் மித்ரி குரய்யிப். மித்ரிக்குத் தொழில் மருந்துக்கடை.

நாற்பது வருஷத்து நண்பன். மருந்துக்கடைக்காரனின் மகனாகப் பிறந்து, ஏடுகள் மேல் பைத்தியமாகி, இளவயதில் மலைமலையாக ஏறி மடங்களில் குறிப்பெடுத்தவன். ஒரு காலத்தில் அவனும் இதே விஷயத்தில் புத்தகம் எழுதினான். அது வரவில்லை. பிறகு சண்டைக் காலத்தில் ஒரு நாள், குறிப்பு அட்டைகள் அத்தனையையும் பன்னிரண்டு மருந்துப் பெட்டிகளில் கட்டிக்கொண்டுவந்து ஷுக்ரியின் வீட்டில் வைத்துவிட்டுப் போனான். "உன் வீட்டு நிலவறை ஆழம். எனக்கு இனிமே இது எதுக்கு? நீயே வெச்சுக்க" என்றான். ஷுக்ரியின் நூல் பாதிக்கு மேல் அந்தப் பெட்டிகளிலிருந்து வந்ததுதான். முன்னுரையில் நன்றி சொல்லியிருந்தார். கீழிருந்து மூன்றாவது பெயர்.

அந்தப் பொறாமையா? தன்னால் முடியாததை நண்பன் முடித்துவிட்டானே என்றா? போன மாதம்கூட "முடிவு எப்ப வரும்?" என்று கேட்டான். கேட்டபோது அலமாரியைத் துடைத்துக்கொண்டிருந்தான், முகத்தைப் பார்க்கவில்லை. பதிப்பகத்தில் கருத்துகளைக் கழுவி அனுப்பும் ஒதெத் அம்மாள் அவன் கடையில்தான் ரத்த அழுத்த மாத்திரை வாங்குகிறாள். அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய்தான். ஷுக்ரி அன்று இரவுக்குள் மித்ரியைப் பிடித்து, விசாரித்து, தீர்ப்பும் எழுதிவிட்டார்.

மறுநாள் காலை கடை திறந்ததுமே போய் நின்றார்.

"வாய்யா ஷுக்ரி! என்ன இவ்ளோ காலைல? நெஞ்சு வலியா?" மித்ரி வெள்ளைக் கோட்டின் பொத்தானைப் போட்டுக்கொண்டே கல்லாவுக்குப் பின்னாலிருந்து வந்தார். வழுக்கைத் தலை, குண்டுக் கண்ணாடி, எப்போதும் பச்சைக் கற்பூர வாசனை.

"வலிதான். நீ குடுத்த வலி."

"நான் குடுத்தது வலிக்கு மாத்திரைதானே?"

ஷுக்ரி கடிதத்தைக் கண்ணாடிப் பலகையில் அறைந்தார். "நேருக்கு நேர் சொல்லியிருக்கலாமேய்யா. புத்தகம் மட்டம், போடாதேன்னு என் மூஞ்சியில சொல்றதுதானே? எதுக்கு இந்தப் பெயரில்லாத வேலை? நாப்பது வருஷம் ஒரே தட்டுல சாப்பிட்டிருக்கோம்!"

மித்ரி ஒன்றும் புரியாமல் தாளை எடுத்தார். கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, தாளை மூக்குக்குக் கிட்டே கொண்டுபோய் வாசித்தார். முதல் பத்தியில் அவர் உதடு அசைந்தது. இரண்டாவது பத்தியின் முடிவில் வாசிப்பதை நிறுத்திவிட்டார். ஆனால் உதடு நிற்கவில்லை. தாளைப் பார்க்காமலே அடுத்த வரியைச் சொன்னார்.

"இவர் ஏடுகளைக் காதலிக்கிறார். காதலிப்பவர் சாட்சி சொல்லத் தகுதியற்றவர்."

"பாத்தியா! மனப்பாடமா வருது!"

"வராம? இருபத்தஞ்சு வருஷமாச்சே." மித்ரியின் குரல் ஒரு மாதிரி இருந்தது. கதவுக்குப் போய் 'மூடப்பட்டுள்ளது' பலகையைத் திருப்பிவிட்டு, விஷ மருந்துகள் வைக்கும் அலமாரியைச் சாவி போட்டுத் திறந்தார். அடித்தட்டிலிருந்து பழுப்பேறிய ஒரு உறையும் பள்ளிக்கூடத்து நோட்டு ஒன்றும் எடுத்துவந்தார். உறைக்குள்ளிருந்த தாளை ஷுக்ரியின் தாளுக்குப் பக்கத்தில் விரித்து வைத்தார்.

வரிக்கு வரி ஒன்று. நானூற்றுப் பன்னிரண்டாம் பக்கம், அலெப்போ, மருந்துக்கடைத் தராசு. பழையதில் ஊதா மைத் தட்டச்சு, புதியதில் கணினி எழுத்து. தேதி மட்டும்தான் வேறு. பழையதில் 1972, நவம்பர்.

"என் புத்தகத்துக்கு வந்தது" என்றார் மித்ரி.

ஷுக்ரி நாற்காலியில் உட்கார்ந்தார். ஊதா எழுத்தைப் பார்த்த கணத்திலேயே எல்லாம் வந்துவிட்டது. அந்த நவம்பர் மழை, பேராசிரியர் பதவி கிடைக்குமா கிடைக்காதா என்றிருந்த அந்த வருஷம், மேசையில் நானூற்றுச் சொச்சம் பக்கக் கைப்பிரதி. பெயரை வெட்டியிருந்தார்கள். ஆனால் முதல் பக்கத்திலேயே பச்சைக் கற்பூர வாசனை வந்தது. யாருடையது என்று அவருக்குத் தெரியும். தெரியாது என்று இத்தனை வருஷம் தனக்குத்தானே சொல்லிவைத்திருந்தார். புத்தகம் நன்றாக இருந்தது. அதுதான் பிரச்சினையே. ஒரு மருந்துக்கடைக்காரன் ஞாயிற்றுக்கிழமைகளில் எழுதியது, இவர் எழுத நினைத்திருந்ததைவிட நன்றாக இருந்தது. தராசு வரியை எழுதிவிட்டுத் தானே சிரித்துக்கொண்டதும் நினைவுக்கு வந்தது.

முப்பது வருஷத்தில் அவர் இருநூறு கருத்தாவது எழுதியிருப்பார். அத்தனையும் கழுவித்தான் போகும். அடித்தவன் மறந்துவிடுவான். வாங்கியவன்தான் மனப்பாடம் பண்ணுவான்.

மித்ரி அழுதுகொண்டிருந்தார். முதலில் ஷுக்ரிக்குப் பயமாக இருந்தது. தெரிந்துவிட்டது என்று நினைத்தார். ஆனால் மித்ரி பலகையைச் சுற்றிவந்து அவரைக் கட்டிப்பிடித்து, இரண்டு கன்னத்திலும் முத்தமிட்டார்.

"என்னை மன்னிச்சுடுய்யா. மன்னிச்சுடு. இத்தனை வருஷமா உன்னைத்தான் நெனச்சுட்டிருந்தேன்."

"என்னையா?"

"மருந்துக்கடைன்னு எழுதியிருக்கானே, என்னைத் தெரிஞ்சவன்தானே எழுதியிருக்கணும்? அப்ப என்னைத் தெரிஞ்சவன், ஏடும் தெரிஞ்சவன் யாரு? இங்க பாரு." நோட்டைத் திறந்து காட்டினார். முதல் பக்கத்தில் வரிசையாக ஏழு பெயர். முதல் பெயர் ஷுக்ரி நக்காஷ். "பெட்டிங்களக் கொண்டுவந்து குடுத்தேனே, எதுக்குத் தெரியுமா? உன் மூஞ்சியில ஏதாச்சும் தெரியுதான்னு பாக்கத்தான். நீ 'நன்றி'ன்னு சொன்ன. கேவலம்யா நான். சொந்த சிநேகிதனுக்குப் பொறி வெச்சிருக்கேன்."

"மித்ரி..."

"இப்பத்தானே புரியுது! அந்தப் பாவி எல்லாருக்கும் ஒரே கடுதாசிய அனுப்புறான்! மருந்துக்கடைங்கிறது அவன் வழக்கமா எழுதுற வரி. என்னைக் குறிச்சு எழுதினதே இல்ல. எனக்கும் அதேதான், உனக்கும் அதேதான்." கண்ணைத் துடைத்துக்கொண்டு பேனாவை எடுத்தார். முதல் பெயரின் மேல், அளவுகோல் வைத்ததுபோல நேராக, ஒரு கோடு அடித்தார். "இருபத்தஞ்சு வருஷப் பாரம். இன்னிக்கு எறங்கிடுச்சு. நீயே அடிபட்டு வந்து எறக்கிவிட்ட."

ஷுக்ரி வாயைத் திறந்தார். அந்த நேரத்தில் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. வெட்கம் என்று வைத்துக்கொண்டாலும், பயம் என்று வைத்துக்கொண்டாலும், இரண்டும் சரிதான்.

"மிச்சம் ஆறு பேர்" என்றார் மித்ரி உற்சாகமாக. "நாலு பேர் செத்துட்டாங்க. ரெண்டு பேரையும் சேந்து புடிப்போம். நீ பதிப்பகத்துக்குப் போய் ஒதெத்தைக் கேளு. அவ எல்லாம் அறிஞ்சவ. நாளைக்கு வா, காப்பி போட்டு வெக்கிறேன்."

வியாழக்கிழமை காலை ஷுக்ரி மேடேறிப் போனார். பதிப்பகத்தின் கீழ்த்தளத்தில் பழைய அச்சு இயந்திரம் துணி போர்த்தி நின்றது. மேலே நூற்றெண்பது நூல்கள் வரிசையாக, ஒரே சாம்பல் அட்டையில். எத்தனையோ தடவை அந்த வரிசையின் கடைசியில் தன் பெயரை வைத்துப் பார்த்திருக்கிறார். இன்று அந்தப் பக்கம் திரும்பவில்லை.

ஒதெத் அவரைக் கண்டதும் எழுந்து நின்றாள். நாற்பத்தொன்பது வயது, ஒல்லி, இருபத்தாறு வருஷமாக அதே மேசை.

"டாக்டர், நானே உங்க வீட்டுக்கு வரலாம்னு இருந்தேன். பெரிய தப்பு நடந்துபோச்சு. ஈஸ்டருக்கு நான் ஸஹ்லேயில அக்கா வீட்டுக்குப் போயிருந்தேன். அபூனா காமில் புதுசு, பாவம், அவருக்கு நம்ம முறை தெரியாது. உங்க நூலுக்கு வந்த கருத்தை அனுப்பணும்னு கோப்பைத் திறந்திருக்கார். 'ஏடுகளின் கடைசிப் பக்கங்கள்'னு ஒரே கோப்புதான். பேரும் கெடையாது. மேல எது இருந்துச்சோ அதை எடுத்து, நல்ல பிள்ளையா, புதுத் தாள்ல அவரே தட்டச்சு பண்ணி, அன்னிக்குத் தேதி போட்டு அனுப்பிட்டார்."

கோப்பை விரித்தாள். உள்ளே இரண்டே தாள். ஒன்று புதியது, ஸ்ட்ராஸ்பூர்க்கிலிருந்து வந்தது. 'தாமதமின்றி வெளியிட வேண்டிய நூல்' என்று தொடங்கியது. இன்னொன்று பழையது. ஓரத்தில் பென்சிலால் எண் போட்டிருந்தது. ஒன்பது.

இருவரும் அந்த எண்ணைப் பார்த்தார்கள்.

"செப்டம்பர்ல வந்துரும்" என்றாள் ஒதெத். "அந்தக் கடுதாசிய மட்டும் திருப்பிக் குடுத்துருங்க. வெளில இருக்கக் கூடாது."

"இதைக் கழுவினது நீதானே? 1972ல."

"ஆமா. வேலைக்குச் சேந்த மறுவருஷம்."

"தராசு வரி எப்படித் தப்பிச்சுது? அதுலதான் வாடை அடிக்குதே."

ஒதெத் கோப்பின் நாடாவைக் கட்டினாள். "அப்ப இருந்த அபூனா அந்த வரிய எடுக்கத்தான் சொன்னார். நான் எடுக்கல. எனக்கு அப்ப இருபத்திநாலு வயசு, டாக்டர். கைப்பிரதிய நானும் படிச்சேன். ராத்திரியெல்லாம் படிச்சேன். அடிபடப்போற ஆளுக்கு, அடிச்சவன் பக்கத்து ஆள்தான்னாவது தெரியட்டும்னு விட்டுட்டேன்."

"தெரிஞ்சவுடனே என்ன பண்ணுவான்னு நெனச்ச?"

"சண்டை போடுவார்னு நெனச்சேன். அவர் மருந்து வித்துட்டே இருந்துட்டார்."

ஷுக்ரி வெளியே வந்து மேட்டை இறங்கத் தொடங்கினார். அவருக்குள் இருந்த வக்கீல் ஓய்வெடுக்கிற ஆள் இல்லை. வழி சொல்லத் தொடங்கினான். ஒன்றும் சொல்லாமல் இருந்துவிடலாம். ஆனால் செப்டம்பரில் புத்தகம் வந்தால் மித்ரி கேட்பான்: வேண்டாம் என்றவர்கள் எப்படி ஒப்புக்கொண்டார்கள்? கடிதம் தவறுதலாக வந்தது என்றால், அது யாருக்கு எழுதிய கடிதம்? மித்ரிக்கு மட்டும் எழுதியது. அப்படியானால் தராசு வரி மித்ரியைக் குறித்துத்தான். கோடு அடித்த பெயர் மறுபடி முதலிடத்துக்கு வந்துவிடும். அவனுடைய சந்தோஷம் நிற்க வேண்டுமானால் புத்தகம் வரக்கூடாது. புத்தகத்தை இப்போதே திரும்ப வாங்கிக்கொள்ளலாம். 'அவர்கள் மறுத்தது மறுத்ததுதான்' என்று சொல்லிவிடலாம். இருபது வருஷ உழைப்பைக் கொடுத்து ஒரு நண்பனை வைத்துக்கொள்ளலாம். யோசிக்க யோசிக்க அது ரொம்பப் பெரிய தியாகமாகத் தோன்றியது. கண்கூட லேசாகக் கலங்கியது.

பாதி மேடு இறங்கியதும்தான் அந்தத் தியாகத்தின் மேலேயே சந்தேகம் வந்தது. யாருடைய புத்தகத்தைக் கொடுக்கப் போகிறார்? பன்னிரண்டு மருந்துப் பெட்டிகளுக்குள் இருந்த மித்ரியின் புத்தகத்தை. ஒரு தடவை கொன்றது போதாதென்று, அவனைக் காப்பாற்றுகிறேன் என்று சொல்லி இரண்டாவது தடவையும் கொல்லப் பார்க்கிறார். வாழ்நாள் முழுக்க ஊரார் யோக்கியதையைச் சந்தேகப்பட்ட மனுஷனுக்குத் தன் யோக்கியதை மேல் வந்த முதல் சந்தேகம் அது. கொஞ்சம் தாமதம்தான்.

கடையில் காப்பி தயாராக இருந்தது, ஏலக்காய் வாசனையோடு. மித்ரி புதுச் சட்டை போட்டிருந்தார். இருபது வயது குறைந்திருந்தது. இது வெறும் பேச்சுக்குச் சொல்வதில்லை, நடையே மாறியிருந்தது.

"என்ன சொன்னா ஒதெத்? உக்காரு, உக்காரு. நான் ராத்திரி பூரா யோசிச்சேன். அந்த வக்கீல் பையன் அந்தூன் இருக்கானே, அவனுக்கு அப்பவே என் மேல ஒரு கண்ணு."

"அந்தூன் இல்ல."

"அப்ப மடத்து நூலகர்?"

"அவரும் இல்ல. மித்ரி, கடுதாசி தப்பா வந்துருச்சு. எனக்கு எழுதினதே இல்ல அது. உனக்கு எழுதின பழசு. கோப்புல இருந்து எடுத்துப் புதுசா அடிச்சு அனுப்பிட்டாங்க. என் புத்தகத்தை ஏத்துக்கிட்டாங்க."

மித்ரி காப்பியை ஊற்றிக்கொண்டிருந்தார். கை நிற்கவில்லை, கோப்பை நிறையும்வரை ஊற்றினார். அவர் மூளை வேகமானது, ஷுக்ரி பட்டியலிட்டதையெல்லாம் அந்த ஒரு கோப்பை நேரத்திலேயே அதுவும் போட்டு முடித்திருக்கும். ஆனால் முகம், புரிந்துகொள்ள வேண்டாம் என்று கெஞ்சியது. "அப்ப... எனக்கு மட்டுந்தான் எழுதினானா?" என்று கேட்டார்.

நோட்டு பலகை மேலேயே திறந்து கிடந்தது. ஷுக்ரி பேனாவை எடுத்தார். ஏழாவது பெயருக்குக் கீழே, தன் பெயரை முழுசாக எழுதினார். பக்கத்தில் 1972 என்று தேதியும் போட்டார். அதற்கும் கீழே, ஏடு முடித்த துறவிகள் எழுதுவதுபோல, ஒரே ஒரு வரி: 'புத்தகம் நன்றாக இருந்தது.'

பேனாவை வைத்துவிட்டு, "செப்டம்பர்ல வருது. உன் பேர் முதல்ல. என் பேர் வேணாம்னா அதையும் எடுத்துடறேன்" என்றார்.

மித்ரி அந்த இரண்டு வரியையும் நெடுநேரம் படித்தார். கடைசி வரியில் விரலை வைத்தார்.

"இதை அப்பவே எழுதியிருக்கலாமேய்யா" என்றார். "மூணு வார்த்தைதானே."

அப்போது வாசல் மணி அடித்தது. கையில் சீட்டோடு ஒரு அம்மாள் உள்ளே வந்தாள், பேத்திக்கு இருமல் மருந்து வேண்டுமாம். மித்ரி வெள்ளைக் கோட்டை இழுத்துவிட்டுக்கொண்டு எழுந்து போனார். சீட்டை வாசித்தார், புட்டியை எடுத்தார், எத்தனை தேக்கரண்டி, எத்தனை வேளை என்று இரண்டு தடவை சொன்னார். அந்த அம்மாள் போன பிறகும் திரும்பி வரவில்லை. தராசை எடுத்து, தட்டுகளை ஒவ்வொன்றாகத் துடைக்கத் தொடங்கினார். போ என்று சொல்லவில்லை. இரு என்றும் சொல்லவில்லை. ஷுக்ரி ஆறிப்போன காப்பியின் முன்னால் உட்கார்ந்தே இருந்தார்.